குப்பம், கோலார், கிருஷ்ணகிரி: மூணு மாநிலம் ஒட்டற எடத்துல பொதுவா ஒரு அடையாளம் இருக்கா?

கேள்வி சுருக்கமா இதுதான். பெங்களூர்ல வேலை பாக்கற ஒரு தம்பி, சொந்த ஊர் மதுரைப் பக்கம், குப்பத்துல ஒரு கல்யாணத்துக்கு வந்துட்டுப் போய் கேட்டிருக்கார். பொண்ணு வீட்டுல தமிழ், மாப்பிள்ளை வீட்டுல தெலுங்கு, பந்தியில சாம்பார் ஊத்தறவர் கன்னடம், பத்திரிகை தெலுங்குல அடிச்சிருக்கு, பாட்டுக் கச்சேரி பாதி தமிழ்ல, இவங்க தங்களை என்னன்னுதான் நெனச்சுக்கறாங்க, மூணு மாநிலம் சேர்ற எடத்துல தனியா ஒரு அடையாளம்னு ஏதாவது இருக்கா, இல்ல எல்லாம் கலந்து எதுவுமே இல்லாம போயிடுச்சா, அப்படின்னு.

இருக்கு தம்பி, நல்லா கெட்டியாவே இருக்கு. நீங்க அதை பாஷையில தேடறதால கண்ணுக்கு மாட்டல. எங்க பக்கத்துல ஒருத்தன் வீட்டுல என்ன பாஷை பேசறான்ங்கறது அவன் எந்த சாமியைக் கும்பிடறான், என்ன வெதைக்கறான், எந்த சந்தைக்குப் போறான், யார் வீட்டுல பொண்ணு எடுக்கறான்ங்கறதை முடிவு பண்றதில்ல. இந்த நாலுதான் இந்த மண்ணுல ஆளை ஆளோட சேக்குது. பாஷை அதுக்கு மேல போட்டுக்கற சட்டை மாதிரி, எடத்துக்கு ஏத்தாப்ல மாத்திக்கலாம்.

நான் குப்பத்துக்குப் பக்கத்துல ஒரு கிராமம். வீட்டுல தமிழ், ஸ்கூல்ல படிச்சது தெலுங்கு, அம்மா வழி சொந்தமெல்லாம் பங்காரப்பேட்டை சைடு, அதனால கன்னடமும் தானா ஒட்டிக்கிச்சு. இது எனக்கு மட்டும் உள்ள விசேஷம் ஒண்ணும் இல்ல, எங்க தெருவுல முக்கால்வாசி பேர் கதை இதேதான்.

மொதல்ல எடத்தைச் சொல்லிடறேன், மேப்ல பாத்தாலே பாதி புரிஞ்சுடும். ஆந்திராவோட தென்மேற்கு மூலையில மூக்கு மாதிரி நீட்டிட்டு இருக்கறதுதான் குப்பம். கெழக்கயும் தெக்கயும் தமிழ்நாடு, அதாவது வாணியம்பாடி, நாட்றம்பள்ளி, வேப்பனப்பள்ளி. மேற்கயும் வடமேற்கயும் கர்நாடகா, அதாவது தங்கவயல், பங்காரப்பேட்டை, பேத்தமங்கலா. சென்னை பெங்களூர் ரயில்ல ஜோலார்பேட்டை தாண்டினதும் வண்டி மேட்டுல ஏற ஆரம்பிக்கும். பச்சூர் தமிழ்நாடு, அடுத்த மல்லானூர் ஆந்திரா, குப்பம், குடுபல்லி, பிசாநத்தம் முடிஞ்சு காமசமுத்திரம் வந்தா கர்நாடகா. பாசஞ்சர் வண்டியில உக்காந்தா பக்கத்து சீட்டுக்காரர் பேச்சை நிறுத்தாமலே மூணு மாநிலம் கடந்துடுவீங்க. காலையில குப்பத்துல இருந்தும் தங்கவயல்ல இருக்கற மாரிகுப்பத்துல இருந்தும் பெங்களூருக்கு வேலைக்குப் போற கூட்டத்தைப் பாத்தீங்கன்னா இந்தப் பகுதி எப்படி ஓடுதுன்னு தெரிஞ்சுடும். கட்டட வேலை, கார்மெண்ட்ஸ், ஹவுஸ்கீப்பிங், ஐடி எல்லாம் ஒரே பெட்டியில தொங்கிட்டுப் போவாங்க.

நெலம் எல்லாம் ஒண்ணுதான். செம்மண், பாறை, குண்டுக்கல், நடுநடுவுல ஏரி. வத்தாத பெரிய ஆறு கிடையாது, வானம் பாத்த பூமி. தென்மேற்கு பருவமழையோட வாலும் வடகிழக்கு பருவமழையோட தலையும் கொஞ்சம் கொஞ்சம் வந்து தொட்டுட்டுப் போகும். அதுக்கு ஏத்த பயிர் கேவுரு, அதான் நீங்க சொல்ற கேழ்வரகு. ஆடி மாசம் கேவுரு வெதைக்கறப்போ இத்தனை சாலுக்கு ஒரு சால்னு அவரை போடுவாங்க, ஓரத்துல ஆமணக்கு, ஊடால கொஞ்சம் கடுகு, சோளம். மழை ஏமாத்தினாலும் ஏதோ ஒண்ணு வீட்டுக்கு வந்துடணும், அதுக்குத்தான் இந்தக் கலப்பு. கேவுரு அறுத்தப்புறம் அவரை பனியில பூத்து மார்கழியில காய்க்கும். அந்தப் பனி பட்ட அவரைக்கு ஒரு வாசனை உண்டு, வேற மாசத்துல எவ்வளவு காசு குடுத்தாலும் கெடைக்காது. கொட்டையை ராத்திரி ஊற வெச்சு, காலையில ஒவ்வொண்ணா தோலைப் பிதுக்கி எடுத்து வைக்கற பிதுக்கம்பருப்பு குழம்பு கோலார்லயும் இருக்கு, மதனப்பள்ளியிலயும் இருக்கு, கிருஷ்ணகிரியிலயும் இருக்கு. மூணு மாநிலத்துலயும் மார்கழி தை மாசத்துல சாயந்திரம் திண்ணையில பொம்பளைங்க உக்காந்து பிதுக்கிட்டே ஊர்க்கதை பேசுவாங்க. கூட கேவுரு களி. பேரு எடத்துக்கு எடம் மாறும், உருண்டை மாறாது. தஞ்சாவூர்க்காரருக்கோ குண்டூர்க்காரருக்கோ தார்வாட்காரருக்கோ இந்த சாப்பாடு பழக்கமில்ல. அவங்க எங்க பாஷை பேசற ஆளுங்கதான், ஆனா எங்க அடுப்பு அவங்களுக்குத் தெரியாது.

சரித்திரமும் இதையேதான் சொல்லுது. கங்க ராஜாக்கள் மொதல்ல கோலார்ல இருந்து ஆண்டவங்க, அப்போ அதுக்குப் பேரு குவளாலபுரம். அப்புறம் சோழர் வந்து பிடிச்சு அந்தப் பக்கத்துக்கு நிகரிலிச் சோழ மண்டலம்னு பேரு வெச்சாங்க. இன்னைக்கும் கோலாரம்மா கோயில்ல போய் பாருங்க, கல்லுல தமிழ் எழுத்து இருக்கும். கர்நாடகாவுல ஒரு மாவட்டத் தலைநகர், ஊருக்குக் காவல் தெய்வம், அங்க சோழர் கால தமிழ்க் கல்வெட்டு, யாருக்கும் அது உறுத்தல. தர்மபுரி, கிருஷ்ணகிரி, செங்கம் பக்கத்துல மாடு மீட்டு செத்த வீரனுக்கு வெச்ச நடுகல் நெறைய கெடக்கு, அதே மாதிரி சித்தூர் பக்கமும் கோலார் பக்கமும் கெடக்கு. எழுத்து ஒரு எடத்துல வட்டெழுத்து, ஒரு எடத்துல கன்னடம், ஒரு எடத்துல தெலுங்கு. செத்த காரணம் பாத்தா ஒண்ணுதான், மாடு. மாட்டுப் பித்து இன்னைக்கும் விடல, தை மாசம் ஆரம்பிச்சு கிருஷ்ணகிரி, வேலூர் பக்கம் எருது விடும் விழா நடக்கும்போது குப்பத்துல இருந்தும் கோலார்ல இருந்தும் காளையை வண்டியில ஏத்திட்டுப் போவாங்க.

அப்புறம் விஜயநகர காலம், அது விழுந்தப்புறம் ஊருக்கு ஒரு பாளையக்காரர், குப்பத்துக்குப் பக்கத்துல கங்குந்தி, அந்தாண்ட புங்கனூர்னு. ஹைதர் அலி பொறந்ததே பங்காரப்பேட்டைக்குப் பக்கத்துல பூதிகோட்டையில. 1792ல திப்பு சுல்தான் ஸ்ரீரங்கப்பட்டண ஒப்பந்தத்துல பாரமகாலை இங்கிலீஷ்காரங்ககிட்ட குடுத்தப்போதான் கிருஷ்ணகிரி, திருப்பத்தூர் சைடு மைசூர்ல இருந்து கழண்டுச்சு. அந்தக் கோடு ரெண்டு படை நின்ன எடத்தை வெச்சு போட்டது, ஜனங்க என்ன பேசறாங்கன்னு யாரும் பாக்கல. இந்தக் காலத்துல வந்து சேந்த இன்னொரு பாஷையை மறந்துடக் கூடாது, உருது. வாணியம்பாடி, வி.கோட்டா, கோலார், கிருஷ்ணகிரி எல்லா ஊர்லயும் பழைய முஸ்லிம் தெருக்கள் இருக்கு. சந்தையில பேரம் பேசறப்போ உருது எண்ணிக்கை தெரியாத வியாபாரி எங்க பக்கத்துல கம்மி.

இப்போ முக்கியமான விஷயத்துக்கு வர்றேன். இந்தப் பகுதியை ஒண்ணா கட்டி வெச்சிருக்கறது யாருன்னு என்னைக் கேட்டா, திரௌபதி அம்மன்னுதான் சொல்லுவேன். கங்கம்மாவும் உண்டு, குப்பத்துல திருப்பதி கங்கமாம்பா ஜாத்திரைன்னா மூணு மாநிலத்து ஜனமும் வரும், ஊரே நிறைஞ்சுடும். ஆனா திரௌபதி விஷயம் வேற லெவல். வட ஆற்காடு, சித்தூர் பக்கம் எந்த ஊர்லயும் ஒரு தர்மராஜா கோயில் இருக்கும், உள்ள அஞ்சு பேரும் அம்மாவும் இருப்பாங்க. பங்குனி தாண்டினதும் ஒவ்வொரு ஊரா பாரதம் வெப்பாங்க. 18 நாள். பகல்ல பாரதக் கதை படிப்பாங்க, ராத்திரி கூத்து. தமிழ்நாட்டுப் பக்கம் தெருக்கூத்து, ஆந்திரா பக்கம் வீதி நாடகம், ஆனா முகத்துக்குப் போடற அரிதாரம், தலையில வெக்கற கிரீடம், தோள்ல கட்டற புஜக்கட்டு எல்லாம் கிட்டத்தட்ட ஒண்ணுதான். எல்லையோர ஊருங்கள்ல கட்டியக்காரன், அதான் கூத்துக் கோமாளி, ஒரு வரி தெலுங்கு, ஒரு வரி தமிழ்னு அடிப்பான், எதிர்ல உக்காந்திருக்கற கெழவி ரெண்டுக்கும் சிரிப்பாங்க.

அர்ஜுனன் தபசு அன்னைக்கு கூத்தாடி உயரமான தபசு மரத்துல ஒவ்வொரு படியா பாட்டு பாடிட்டே ஏறுவார். மேல இருந்து எலுமிச்சம்பழம், பூ, விபூதி எல்லாம் வீசுவார், புள்ளை இல்லாத பொம்பளைங்க ஈரத்துணியோட கீழ மடி ஏந்திட்டு நிப்பாங்க. அந்தக் கூட்டத்துல எந்த ஜாதி எந்த பாஷைன்னு யாரும் கேக்க மாட்டாங்க, எல்லாருக்கும் ஒரே வேண்டுதல். கடைசி நாள் காலையில பெரிய மைதானத்துல மண்ணால துரியோதனனைப் படுக்க வெச்சிருப்பாங்க, ஒரு வீடு நீளத்துக்கு. பீமன் வந்து தொடையை ஒடைப்பான், திரௌபதி அந்த ரத்தத்தைத் தொட்டு அவுத்து விட்ட கூந்தலை முடிவா. சாயந்திரம் அக்கினிக் குண்டம் எறங்குவாங்க. நான் சின்னப் பையனா இருந்ததுல இருந்து பாக்கறேன், அந்தக் கூந்தல் முடியற நேரத்துல அழாத பொம்பளை ஒருத்தரைக் கூட எங்க ஊர்ல நான் பாத்ததில்ல.

இப்போ அதே அம்மா கர்நாடகாவுக்குப் போனா கரகமா மாறிடறாங்க. பெங்களூர்ல தர்மராயசாமி கோயில்ல சித்திரா பௌர்ணமி ராத்திரி கெளம்பற கரகம் உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும், நீங்க அங்கதான இருக்கீங்க. தலையில மல்லிகைப்பூ கோபுரம் மாதிரி கரகத்தை வெச்சு, பொம்பளை வேஷத்துல ஒருத்தர் வர, சுத்தி கத்தியோட வீரகுமாரர்கள் ஓடுவாங்க. அந்தக் கரகம் மஸ்தான் சாபு தர்காவுக்கும் போயிட்டுத்தான் வரும். அதைத் தூக்கறவங்க திகளர். தமிழ் மூலம் உள்ள சமூகம், எங்க பக்கத்து வன்னிய குல க்ஷத்திரியர் வழின்னு அவங்களே சொல்லிக்குவாங்க. கோலார், மாலூர், ஆனேக்கல், ஹொசகோட்டே எல்லா எடத்துலயும் கரகம் உண்டு. ஆக செங்கல்பட்டுல ஆரம்பிச்சு பெங்களூர் வரைக்கும் ஒரே அம்மா, ஒரே கதை. மாநில எல்லை அந்தக் கதையை எங்கயும் வெட்டல. இதைப் பாக்காம வெறும் சென்சஸ் புக்கைப் பாத்து இங்க இருக்கறவங்க யாருன்னு சொல்ல முடியாது.

ஆனா எல்லை போட்டவங்க சென்சஸைத்தான் பாத்தாங்க. 1911ல சித்தூர் மாவட்டம்னு ஒண்ணை உண்டாக்கினப்போ வட ஆற்காடு, கடப்பான்னு வேற வேற பக்கத்துல இருந்து தாலுகாவை எடுத்து ஒட்டினாங்க. அப்போ எல்லாம் மெட்ராஸ் மாகாணம், யாருக்கும் கவலை இல்ல. 1953 அக்டோபர் 1ஆம் தேதி ஆந்திரா பிரிஞ்சப்போ அந்த மாவட்டம் அப்படியே ஆந்திரா பக்கம் போயிடுச்சு. ம.பொ.சி., மங்கலங்கிழார் எல்லாம் வடக்கு எல்லைக்காகப் போராடினாங்க. கடைசியில பட்டாஸ்கர் நடுவரா இருந்து, கிராமத்தை ஒரு அலகா வெச்சு, எந்த கிராமத்துல எந்த பாஷை அதிகம்னு பாத்து, 1960 ஏப்ரல் 1ல திருத்தணி சைடு தமிழ்நாட்டுக்கு வந்துச்சு, சத்தியவேடு சைடு ஆந்திராவுக்குப் போச்சு. குப்பத்துல தமிழ் பேசறவங்க நெறைய, ஆனாலும் அது ஆந்திராலயே நின்னுடுச்சு. ஓசூர்ல தெலுங்கும் கன்னடமும் நெறைய, அது தமிழ்நாட்டுல நின்னுடுச்சு. கோலார் கதை இன்னும் சுவாரசியம், அங்க தெலுங்கு பேசறவங்கதான் அதிகம், இருந்தாலும் 1955ல மாநில மறுசீரமைப்பு கமிஷன் அதை மைசூர்லயே விட்டுடலாம்னு சொல்லிடுச்சு. சரியாத்தான் சொன்னாங்கன்னு நான் நெனைக்கறேன். கோலார்க்காரர் வீட்டுல தெலுங்கு பேசுவார், வெளியில கன்னடம் பேசுவார், அவர் மனசு பெங்களூரைப் பாத்துதான் இருக்கும்.

அந்தப் போராட்டத்தை நான் கொறைச்சு சொல்லல. திருத்தணி வந்தது பெரிய விஷயம். அதுக்காக ஜெயிலுக்குப் போனவங்களுக்கு நாம கடன்பட்டிருக்கோம். நான் சொல்றது ஒண்ணே ஒண்ணு, ஒரு ஆளுக்கு ஒரு தாய்மொழி, ஒரு கிராமத்துக்கு ஒரு பெரும்பான்மைன்னு கணக்கு எடுத்தா எங்க மாதிரி ஊர் அதுல அடங்காது. ஒரே வீட்டுல மாமியார் ஒரு கட்டத்துலயும் மருமக இன்னொரு கட்டத்துலயும் விழுவாங்க.

அந்தக் கணக்குக்கு நாங்க குடுக்கற விலை என்னன்னு கேட்டா, மொதல்ல ஜாதி சர்டிபிகேட். ஒட்டர் சமூகத்தை எடுத்துக்குங்க. கல் ஒடைக்கறது, கெணறு வெட்டறது, ஏரிக்கரை போடறதுதான் பரம்பரைத் தொழில், இந்தப் பகுதி ஏரியெல்லாம் அவங்க கையால வந்ததுதான். கர்நாடகாவுல அவங்க போவி, எஸ்.சி. லிஸ்ட்ல இருக்காங்க. ஆந்திராவுல வட்டெரா, பி.சி.ஏ., அதாவது பிற்படுத்தப்பட்டோர்ல ஏ பிரிவு. தமிழ்நாட்டுல சீர்மரபினர் லிஸ்ட்ல வருவாங்க. அண்ணன் தம்பி மூணு பேர் மூணு பக்கம் குடியேறி இருந்தா புள்ளைங்களுக்கு மூணு விதமான சலுகை. பொண்ணைக் கட்டிக் குடுத்து எல்லை தாண்டி அனுப்பினா அவ பொறந்த மாநிலத்து சர்டிபிகேட் புகுந்த மாநிலத்துல வேலைக்கு ஆகாது. மாமன் மகன் அத்தை மகள்னு தலைமுறை தலைமுறையா பொண்ணு குடுத்து எடுக்கற பூமியில இது எவ்வளவு பெரிய அடின்னு வெளியில இருக்கறவங்களுக்குத் தெரியாது. இப்போ படிச்ச பொண்ணு வீட்டுல, சொந்தமா இருந்தாலும் அந்த ஸ்டேட் வேண்டாம்னு சொல்ல ஆரம்பிச்சுட்டாங்க. எனக்கு ரொம்ப வருத்தமான விஷயம் இது. சண்டை போட்டு பிரிக்க முடியாததை ஒரு பேப்பர் பிரிக்குது.

ரெண்டாவது ஸ்கூல். சித்தூர் மாவட்டத்துல தமிழ் மீடியம் ஸ்கூல் இன்னும் இருக்கு, வாத்தியார் போஸ்டிங் போடறது கஷ்டம், புள்ளைங்களும் கொறையுது, வேலை தெலுங்குலயும் இங்கிலீஷ்லயும்தான்னு ஆனப்புறம் அப்பா அம்மாவையும் குத்தம் சொல்ல முடியாது. அந்தப் பக்கம் ஓசூர், கிருஷ்ணகிரியில இதே பிரச்சனை தலைகீழா. 2006 தமிழ் கற்றல் சட்டம் வந்தப்புறம் பத்தாவதுல தமிழ் கட்டாயம்னு ஆச்சு, தெலுங்கு, கன்னடம், உருது மீடியம்ல படிச்ச பசங்க கோர்ட்டுக்குப் போய் விலக்கு வாங்கித்தான் பரீட்சை எழுதினாங்க. தமிழ் படிக்கணும்ங்கறதுல எனக்கு மாத்துக் கருத்தே கிடையாது, தமிழ்நாட்டுல இருக்கற புள்ளைக்கு தமிழ் தெரியணும். ஆனா அதுக்குண்டான வாத்தியாரைப் போடாம பரீட்சையை மட்டும் வெச்சா அந்தப் பையன் என்ன பண்ணுவான். குப்பத்துல தமிழ்ப் பையனுக்கு நான் என்ன கேக்கறேனோ அதையேதான் ஓசூர் தெலுங்குப் பையனுக்கும் கேக்கணும். 1997ல குப்பத்துல திராவிடப் பல்கலைக்கழகம் ஆரம்பிச்சப்போ நாலு தென் மாநிலத்துக்கும் பொதுவானதுன்னு சொல்லி ஆரம்பிச்சாங்க. அதுக்கு இதைவிடப் பொருத்தமான ஊர் தெக்கே வேற இல்ல. அங்க இருந்து இந்த ஊர் பாரதக் கூத்து, கங்கம்மா பாட்டு, மூணு பாஷை கலந்த தாலாட்டு எல்லாம் முழுசா பதிவாகணும்ங்கறது என் ஆசை. பாடறவங்களுக்கு வயசாகிட்டே போகுது.

மூணாவது தண்ணி, இதுதான் நெஜமாவே சூடான விஷயம். பாலாறு நந்தி மலையில பொறந்து கர்நாடகாவுல சுமார் 93 கிலோமீட்டர், ஆந்திராவுல சுமார் 33, தமிழ்நாட்டுல சுமார் 222 கிலோமீட்டர் ஓடுது. ஓடுதுன்னு சொல்றது பழக்கத்துல, பல வருஷம் மணல்தான். மேல கர்நாடகாவுல பேத்தமங்கலா ஏரி, இங்க குப்பம் பக்கத்துல வரிசையா தடுப்பணை. 1892ல மெட்ராஸும் மைசூரும் போட்ட ஒப்பந்தத்துல இந்த ஆறும் வருது, மேல இருக்கறவங்க கீழ இருக்கறவங்களைக் கேக்காம புதுசா கட்டக் கூடாதுன்னு. 2006ல குப்பம் பக்கம் கணேசபுரத்துல ஆந்திரா அணை கட்டற பேச்சு வந்ததும் தமிழ்நாடு சுப்ரீம் கோர்ட்டுக்குப் போச்சு. 2016ல புல்லூர் கனகநாச்சியம்மன் கோயில் பக்கத்துல இருந்த தடுப்பணையை 5 அடியில இருந்து 12 அடிக்கு உயர்த்தினாங்க, பெரிய கொந்தளிப்பு ஆச்சு. அந்தக் கோயிலுக்கு வாணியம்பாடி ஜனமும் வரும், குப்பம் ஜனமும் வரும். மழை பெஞ்சு அணை நிறைஞ்சு வழிஞ்சா ரெண்டு பக்கத்து ஆளும் குடும்பத்தோட வந்து பாப்பாங்க. கீழ இருக்கறவனுக்கு தண்ணி வேணும், நியாயம். குப்பத்து விவசாயிக்கு போர் ஆயிரம் அடி தாண்டிப் போயிடுச்சு, அவனுக்கும் வேணும், அதுவும் நியாயம். இது மூணு அரசாங்கமும் ஒண்ணா உக்காந்து ஒரே ஆறா நெனச்சு ஏரியைத் தூர்வாரி சரிபண்ண வேண்டிய வேலை, கோர்ட்ல தேதி வாங்கறதால மணல்ல ஈரம் வராது. இப்போ ஒவ்வொருத்தரும் தனித்தனியா வழி தேடிட்டாங்க. கர்நாடகா 2018ல இருந்து பெங்களூர் கழிவுநீரை சுத்திகரிச்சு கோலார் ஏரிகளுக்கு விடுது, ஆந்திரா ஹந்திரி நீவா கால்வாய் வழியா கிருஷ்ணா தண்ணியை 2025ல குப்பம் வரைக்கும் கொண்டு வந்துடுச்சு.

மாம்பழத்துலயும் இதே கதை. நீங்க பெங்களூரான்னும் கிளிமூக்குன்னும் வாங்கற பழம், இங்க தோத்தாபுரி. கிருஷ்ணகிரி, சித்தூர், கோலார் சீனிவாசப்பூர் மூணும் ஒரே தோப்பு மாதிரிதான், கூழ் ஃபேக்டரி சித்தூர்லயும் கிருஷ்ணகிரியிலயும். எங்க வெலை கெடைக்குதோ அங்க வண்டி போகும், காலங்காலமா அப்படித்தான். 2025 ஜூன்ல வெலை அடியோட விழுந்தப்போ கர்நாடகா தோத்தாபுரி உள்ள வரக் கூடாதுன்னு சித்தூர்ல உத்தரவு போட்டாங்க. கர்நாடகா முதலமைச்சர் ஆந்திரா முதலமைச்சருக்கு லெட்டர் எழுதற அளவுக்குப் போச்சு. சித்தூர் விவசாயியைக் காப்பாத்தத்தான் போட்டாங்க, கஷ்டம் புரியுது. ஆனா ஒரு மரத்து நெழல் இந்த ஸ்டேட்ல, வேர் அந்த ஸ்டேட்லன்னு இருக்கற எடத்துல செக்போஸ்ட்ல பழ வண்டியை நிறுத்தறதைப் பாக்க மனசு கேக்கல.

தங்கவயல், அதான் கே.ஜி.எஃப்.னு சொல்ற கோலார் தங்கச் சுரங்க ஊர், அதைப் பத்தி சொல்லாம இந்தப் பதில் முடியாது. 1880ல ஜான் டெய்லர் கம்பெனி வந்தப்புறம் வட ஆற்காடு, சேலம், சித்தூர் சைடுல இருந்து தாழ்த்தப்பட்ட ஜனங்க குடும்பம் குடும்பமா போய் பூமிக்கு அடியில எறங்கினாங்க. சாம்பியன் ரீஃப் சுரங்கம் 3 கிலோமீட்டருக்கு மேல ஆழம். 1902லயே சிவனசமுத்திரத்துல இருந்து கரண்ட் வந்த ஊர். அதே ஊர்ல 1907ல அயோத்திதாசரோட பௌத்த சங்கத்துக்கு மாரிகுப்பத்துல கிளை வந்துச்சு. கர்நாடகாவுக்குள்ள ஒரு தமிழ் ஊர்னு சொல்றது சுலபம். உள்ள போனா தெலுங்கு லைன், உருது லைன், ஆங்கிலோ இந்தியன் லைன் எல்லாம் கலந்த ஒரு தொழிலாளி ஊர் அது. 2001 பிப்ரவரி 28ஆம் தேதி சுரங்கத்தை மூடினாங்க. அதுக்கப்புறம் அந்த ஊர் ரயில்லதான் வாழுது. இன்னைக்கு தங்கவயல் பையன் கிட்ட நீ யாருன்னு கேட்டா தமிழன்னும் சொல்லுவான், கன்னடிகான்னும் சொல்லுவான், ஆனா மொதல்ல வர்றது கே.ஜி.எஃப்.காரன்ங்கறதுதான்.

யானை கூட ஒரு சாட்சி. 1980கள்ல ஓசூர், பன்னார்கட்டா சைடு காட்டுல இருந்து கூட்டமா கெளம்பி குப்பம், பலமனேர் காட்டுக்கு வந்து தங்கிடுச்சு, அதுக்கு முன்னாடி ரொம்ப காலமா இங்க யானையே கிடையாது. 1990ல கௌண்டின்யா சரணாலயம் அறிவிச்சாங்க. பயிர் நஷ்டம், உயிர் நஷ்டம் ரெண்டும் உண்டு. 2025ல கர்நாடகா ஆந்திராவுக்கு கும்கி குடுத்துச்சு. தண்ணிக்கும் பழத்துக்கும் பேச முடியாத அரசாங்கங்க யானைக்குப் பேசினாங்களே, அதுல எனக்கு ஒரு நம்பிக்கை உண்டு.

தமிழ்நாடு, கேரளா, கர்நாடகா சேர்ற கூடலூர், வயநாடு, குண்டலுப்பேட்டை பக்கமும் இதே மாதிரிதானான்னு கேட்டா, இல்ல. அங்க சேத்து வெச்சிருக்கறது காடும் பழங்குடிகளும் அப்புறம் எஸ்டேட்டும், முதுமலை, பந்திப்பூர், வயநாடு ஒரே காடுதான். அது தனிக் கதை.

அதனால கல்யாணத்துல நீங்க பாத்த ஆளுங்க கொழம்பிப் போனவங்க கெடையாது. மண்டியில தெலுங்கு, ரயில்ல கன்னடம், சாமி முன்னாடி தமிழ்னு மாத்திப் பேசறவன் தன்னை மூணா வெட்டிக்கறதில்ல. வெளியூர் போனா நாங்க எங்க ஊர்க்காரனை சீக்கிரம் கண்டுபிடிச்சுடுவோம், பேசற பாஷையை வெச்சு இல்ல, களியை எப்படிப் பிச்சு குழம்புல முக்கி முழுங்கறான்ங்கறதை வெச்சே. சென்னையில எங்களை ஆந்திராகாரன்னு சொல்றாங்க, விஜயவாடாவுல அரவத்தான், அதாவது தமிழன்னு சொல்றாங்க, கேக்க கஷ்டமாத்தான் இருக்கும், ஆனா ஊருக்குள்ள யாரும் யாரையும் அப்படிச் சொல்றதில்ல.

நேர்ல பாக்கணும்னா சித்திரை வைகாசியில வாங்க. ஞாயித்துக்கெழமை காலையில பெங்களூர்ல இருந்து குப்பம் போற பாசஞ்சர்ல ஏறிடுங்க, எக்ஸ்பிரஸ் வேண்டாம். எறங்கி ஆட்டோக்காரர் கிட்ட எந்த ஊர்ல பாரதம் நடக்குதுன்னு கேளுங்க, மூணுல எந்த பாஷையில கேட்டாலும் வழி சொல்லுவார். துரியோதனன் படுகளம் அன்னைக்குப் போற மாதிரி பாத்துக்குங்க, காலையில சீக்கிரமே கூட்டம் சேந்துடும், தொப்பியும் தண்ணி பாட்டிலும் எடுத்துக்குங்க. குழம்புக்கு மட்டும் நீங்க மார்கழியில இன்னொரு தடவை வரணும்.